மரக்காணத்து உப்பும் டால்ட்டன் விதியும்

மாணவ நண்பர்களே, ஒரு கேள்வியோடு தொடங்குவோம். ஒரு குவளை நீரில் ஒரு சிட்டிகை உப்பைப் போட்டுக் கலக்கினால் உப்பு மறைந்துவிடுகிறது. உப்பு நீரில் கரைந்துவிட்டது என்கிறோம். அதே குவளையை வெயிலில் வைத்துவிட்டால் சில நாட்களில் நீர் மறைந்துவிடுகிறது. அடியில் உப்பு மட்டும் நிற்கிறது. இப்பொழுது நீர் எங்கே போயிற்று? நீர் காற்றில் கரைந்துவிட்டது என்று சொல்லலாமா?

சொல்லலாம் என்றுதான் 18ஆம் நூற்றாண்டின் அறிஞர் பலர் கருதினார்கள். உப்பை நீர் கரைத்துக்கொள்வதுபோல நீரைக் காற்று கரைத்துக்கொள்கிறது என்பது அவர்களது எண்ணம். கேட்பதற்குப் பொருத்தமாகத்தான் இருக்கிறது. ஆனால் அது தவறு. அது ஏன் தவறு என்று கண்டுபிடித்தபோதுதான், உங்கள் வேதியியல் புத்தகத்தில் நான்கு வரியில் முடிந்துவிடும் 'பகுதி அழுத்த விதி' பிறந்தது. அந்த விதி அன்றாடம் பெரிய அளவில் வேலை செய்யும் ஓர் இடம் நம் விழுப்புரம் மாவட்டத்திலேயே இருக்கிறது.

சென்னையிலிருந்து திருச்சி செல்லும் நெடுஞ்சாலையில் திண்டிவனம் வரும். (புளியங்காடு என்னும் பொருள்படும் 'திந்திரிணி வனம்' என்பதே திண்டிவனம் ஆயிற்று என்பர்.) அங்கிருந்து தென்மேற்கே சுமார் 40 கி.மீ. போனால் மாவட்டத் தலைநகரான விழுப்புரம். கிழக்கே சுமார் 35 கி.மீ. போனால் கடற்கரையும் மரக்காணமும். புளியங்காட்டுக்குப் பக்கத்திலேயே உப்பளமும் அமைந்தது சமையலுக்கு வசதிதான்! பக்கிங்காம் கால்வாய் வந்து முடியும் தென்முனையும் இதுவே. சிறுபாணாற்றுப்படை கூறும் எயிற்பட்டினம் இவ்வூரே என்று ஆராய்ச்சியாளர் பலர் கருதுகின்றனர். தமிழ்நாட்டில் தூத்துக்குடி, வேதாரணியம் ஆகிய ஊர்களோடு சேர்த்துப் பேசப்படும் பெரிய உப்பளப் பகுதி மரக்காணத்தில் இருக்கிறது.

உப்பளத்தில் நடப்பதெல்லாம் ஆவியாதல் என்ற ஒன்றுதான். கழிமுகத்து நீரையோ நிலத்தடி உவர்நீரையோ பாத்திகளில் பாய்ச்சுகிறார்கள். அது ஒரு பாத்தியில் சற்றுக் கெட்டியானதும் அடுத்த பாத்திக்கு விடுகிறார்கள். மிதித்து இறுக்கிய கடைசிப் பாத்தியில் உப்பு படிகிறது. அதைப் பலகையால் வாரிக் குவிக்கிறார்கள்.

எவ்வளவு நீர் ஆவியாகவேண்டும் என்று ஒரு கணக்குப் போட்டுப் பாருங்கள். ஒரு கிலோகிராம் கடல்நீரில் ஏறக்குறைய 27 கிராம் சமையல் உப்பு இருக்கிறது. 100 கிராம் நீர் 36 கிராம் உப்பைக் கரைத்து வைத்திருக்கக் கூடியது. அப்படியானால் 27 கிராம் உப்புக்கு 75 கிராம் நீரே போதும். மற்ற நீரெல்லாம், அதாவது ஏறத்தாழ 890 கிராம், ஆவியாகிப் போனபிறகுதான் முதல் உப்புப் படிகம் கண்ணில் படும். பத்தில் ஒன்பது பங்கு நீர் போகவேண்டும்! எரிபொருள் வைத்துக் காய்ச்சினால் உப்பு தங்கத்தின் விலை விற்கும். அந்த வேலையை வெயிலும் காற்றும் இலவசமாகச் செய்கின்றன. ஆனால் எல்லா நாளும் ஒரே வேகத்தில் செய்வதில்லை. சுட்டெரிக்கும் வெயில் நாளிலும் பாத்தி காயாமல் ஏமாற்றுவதுண்டு. ஏன் என்பதற்கு விடை சொன்னவர் ஓர் ஆங்கிலப் பள்ளி ஆசிரியர்.

மழை ஊரில் பிறந்த விதி

ஜான் டால்ட்டன் (1766–1844) என்றதும் உங்களுக்கு அணுக்கொள்கை நினைவுக்கு வரும். ஆனால் அவருடைய முதல் காதல் வானிலைமீதுதான். 1787ஆம் ஆண்டு தொடங்கிய வானிலைக் குறிப்பேட்டை அவர் இறக்கும்வரை, 57 ஆண்டுகள், விடாமல் எழுதி வந்தார். அவர் வாழ்ந்த கம்பர்லாந்தும் மாஞ்செஸ்டரும் மழைக்குப் பெயர்போனவை. ஆகவே, காற்றில் நீராவி எப்படி இருக்கிறது என்ற கேள்வி அவரை விடவில்லை.

அவர் செய்த சோதனையின் சாரம் இது. பாதரச அழுத்தமானியின் குழாயில், பாதரசத்துக்கு மேலே வெற்றிடம் இருக்கும் அல்லவா? அங்கே ஒன்றிரண்டு சொட்டு நீரை ஏற்றினால் பாதரச மட்டம் சற்றுக் கீழே இறங்கும். நீராவி அதைத் தள்ளுகிறது. எவ்வளவு இறங்குகிறது என்பது வெப்பநிலையை மட்டுமே பொறுத்தது. 20 டிகிரியில் 17.5 மி.மீ.; 30 டிகிரியில் 31.8 மி.மீ. இதுவே அவ்வெப்பநிலையில் நீரின் தெவிட்டிய ஆவி அழுத்தம்.

அடுத்து, வெற்றிடத்துக்குப் பதில் உலர்ந்த காற்று நிரம்பிய கலத்தில் அதே சொட்டு நீரை விட்டால் என்ன ஆகும்? கலத்தின் அழுத்தம் உயர்கிறது. எவ்வளவு? 30 டிகிரியில் அதே 31.8 மி.மீ.! காற்று இருந்தாலும் இல்லாவிட்டாலும் நீராவி அதே அழுத்தத்தைத்தான் தருகிறது. காற்று நீரைக் கரைத்துக்கொள்வது உண்மையானால் காற்றே இல்லாத வெற்றிடத்தில் நீர் ஆவியாகவே கூடாது. ஆனால் ஆவியாகிறது, வெற்றிடத்தில் இன்னும் விரைவாகவே ஆவியாகிறது. ஆகவே நீராவியைக் காற்று தாங்கிக்கொண்டிருக்கவில்லை. 'சூடான காற்று அதிக ஈரத்தைத் தாங்கும்' என்று நாம் எல்லோரும் சொல்லிப் பழகிவிட்டோம். வசதியான சொற்றொடர்தான், ஆனால் பகுதி அழுத்தக் கணக்குப் போடும்போது அதை மறந்துவிடுங்கள்.

1801ஆம் ஆண்டு மாஞ்செஸ்டர் இலக்கிய, தத்துவக் கழகத்தில் டால்ட்டன் இதை எடுத்துரைத்தார். ஒன்றோடொன்று வினைபுரியாத வாயுக்கள் ஒரு கலத்தில் கலந்திருந்தால், ஒவ்வொன்றும் அந்தக் கலத்தில் தான் மட்டும் இருந்தால் என்ன அழுத்தம் தருமோ அதையே தருகிறது. அது அவ்வாயுவின் பகுதி அழுத்தம். எல்லாப் பகுதி அழுத்தங்களின் கூட்டுத்தொகையே மொத்த அழுத்தம். ஒரே வளவில் பல குடித்தனங்கள் இருக்கின்றன. ஒருவர் இருப்பதை மற்றவர் கண்டுகொள்வதே இல்லை. ஆனால் வாடகை மட்டும் எல்லோரிடமிருந்தும் வந்து சேர்கிறது என்பதைப்போல.

கணக்கிடுவது எப்படி?

வாயுவின் அழுத்தம் மூலக்கூறுகளின் எண்ணிக்கையைப் பொறுத்தது. அவற்றின் எடையைப் பொறுத்ததன்று. ஆகவே,

பகுதி அழுத்தம் = (அவ்வாயுவின் மோல்கள் ÷ கலவையின் மொத்த மோல்கள்) × மொத்த அழுத்தம்.

அடைப்புக்குறிக்குள் இருப்பதை மோல் பின்னம் என்பர். மாணவர்கள் வழக்கமாக வழுக்கி விழும் இடம் இதுதான். ஒரு கலத்தில் 16 கிராம் ஆக்சிஜனும் 4 கிராம் ஹீலியமும் உள்ளன. மொத்த அழுத்தம் 750 மி.மீ. என்று வைத்துக்கொள்வோம். எடையைப் பார்த்து, ஆக்சிஜன் 100க்கு 80 பங்கு, ஆகவே அதன் அழுத்தம் 600 மி.மீ. என்று எழுதினால் மதிப்பெண் பூச்சியம். ஆக்சிஜனின் மூலக்கூறு எடை 32; எனவே 16 கிராம் என்பது அரை மோல். ஹீலியத்தின் அணு எடை 4. எனவே 4 கிராம் என்பது 1 மோல். மொத்தம் ஒன்றரை மோல். ஆக்சிஜனின் பங்கு மூன்றில் ஒன்று: 250 மி.மீ. ஹீலியம்: 500 மி.மீ. எடையில் ஐந்தில் ஒரு பங்கே உள்ள ஹீலியம்தான் அழுத்தத்தில் பெரும்பங்கைத் தருகிறது!

பருமன் விகிதம் கொடுக்கப்பட்டால் வேலை இன்னும் எளிது. ஒரே வெப்பநிலையிலும் அழுத்தத்திலும் வாயுக்களின் பருமன் விகிதமே மோல் விகிதம். உலர்ந்த காற்றில் பருமன்படி நைட்ரஜன் 78.08, ஆக்சிஜன் 20.95, ஆர்கான் 0.93 சதவிகிதம். மொத்த அழுத்தம் 760 மி.மீ. என்றால் நைட்ரஜன் 593.4, ஆக்சிஜன் 159.2, ஆர்கான் 7.1 மி.மீ. கரியமில வாயுவுக்கும் பிறவற்றுக்கும் எஞ்சுவது 0.3 மி.மீ. மட்டுமே. (பாஸ்கல் அலகில் வேண்டுவோர் ஒவ்வொன்றையும் 133.3 ஆல் பெருக்கிக்கொள்ளுங்கள்.)

ஆனால் உலர்ந்த காற்று என்று ஒன்று நம் ஊரில் ஏது? நாம் சுவாசிப்பதில் எப்பொழுதும் நீராவி கலந்திருக்கிறது. அதன் பகுதி அழுத்தத்தைக் காண நமக்குக் கீழ்க்கண்ட அட்டவணை தேவை. இது நீரின் தெவிட்டிய ஆவி அழுத்தம்.

20 டிகிரி செல்சியஸ் – 17.5 மி.மீ.
25 – 23.8
27 – 26.7
30 – 31.8
31 – 33.7
33 – 37.7
34 – 39.9
35 – 42.2
36 – 44.6
38 – 49.7
40 – 55.3

20 டிகிரியிலிருந்து 40 டிகிரிக்குப் போவதற்குள் அழுத்தம் மும்மடங்குக்கும் மேலாகிவிடுவதைக் கவனியுங்கள்.

ஒப்பு ஈரப்பதம் 40 சதவிகிதம் என்று வானிலை அறிவிப்பில் கேட்கிறீர்கள். அந்த வெப்பநிலையில் இருக்கக்கூடிய தெவிட்டிய ஆவி அழுத்தத்தில் நூற்றுக்கு 40 பங்கு இப்பொழுது இருக்கிறது என்பதே அதன் பொருள். வெப்பநிலை 38 டிகிரி என்றால், நீராவியின் பகுதி அழுத்தம் 49.7 × 0.40 = 19.9 மி.மீ. அவ்வளவுதான் கணக்கு.

இந்த அட்டவணை பள்ளிச் சோதனைச்சாலையிலும் வேண்டியிருக்கும். நீரின்மேல் சேகரித்த ஆக்சிஜன் 30 டிகிரியில், 756 மி.மீ. அழுத்தத்தில் 250 மி.லி. இருக்கிறது. ஜாடிக்குள் இருப்பது ஆக்சிஜன் மட்டுமன்று; நீராவியும் இருக்கிறது. ஆக்சிஜனின் பகுதி அழுத்தம் 756 – 31.8 = 724.2 மி.மீ. திட்ட வெப்ப அழுத்த நிலைக்கு மாற்றினால் 250 × (724.2 ÷ 760) × (273 ÷ 303) = 214.6 மி.லி. நீராவியைக் கழிக்க மறந்தால் 224 மி.லி. என்று வரும், 9 மி.லி.க்கு மேல் பிழை. குளிர்நாட்டுப் புத்தகங்களில் கழிக்கும் எண் பெரும்பாலும் 17.5 ஆக இருக்கும். அதை அப்படியே விழுப்புரத்தில் எழுதிவிடாதீர்கள்! நம் ஊரின் வெப்பநிலைக்கு நம் எண்ணைத்தான் கழிக்கவேண்டும்.

பாத்தியில் நடக்கும் கழித்தல்

இனி உப்பளத்துக்கு வருவோம். டால்ட்டன் ஆவியாதலைப் பற்றியும் ஒரு விதி சொன்னார். நீர்ப்பரப்பிலிருந்து மூலக்கூறுகள் மேலே போய்க்கொண்டே இருக்கின்றன. காற்றிலுள்ள நீராவி மூலக்கூறுகள் கீழே வந்து சேர்ந்துகொண்டே இருக்கின்றன. வரவு போகச் செலவு எவ்வளவு என்பதே ஆவியாதல். எனவே ஆவியாகும் வேகம்,

(நீர்ப்பரப்பின் ஆவி அழுத்தம்) – (காற்றிலுள்ள நீராவியின் பகுதி அழுத்தம்)

என்னும் வித்தியாசத்துக்கு நேர்விகிதத்தில் இருக்கும். காற்று வேகமாக வீசினால் இந்த வித்தியாசத்தைப் பெருக்கும் எண் பெரிதாகும். அதையும் டால்ட்டன் கணக்கில் சேர்த்துக்கொண்டார். இந்தக் கணக்கில் நைட்ரஜனோ ஆக்சிஜனோ எங்குமே வரவில்லை என்பதைப் பாருங்கள். 760 மி.மீ. அழுத்தத்தில் ஏறக்குறைய முழுவதையும் தருபவை அவையே. ஆயினும் உப்பு காய்வதைத் தீர்மானிப்பது இருபது, முப்பது மி.மீ. மட்டுமே தரும் நீராவிதான்.

பாத்தியில் இருப்பது வெறும் நீரன்று, உப்புநீர் என்பது அடுத்த சிக்கல். கரைந்திருக்கும் உப்பு நீர் மூலக்கூறுகளைப் பிடித்து வைக்கிறது. ஆகவே ஆவி அழுத்தம் குறைகிறது. கடல்நீரில் இந்தக் குறைவு 2 சதவிகிதமே. ஆனால் உப்பு படியத் தொடங்கும் தெவிட்டிய கரைசலில் ஆவி அழுத்தம் தூய நீரின் அழுத்தத்தில் நூற்றுக்கு 75 பங்காக இறங்கிவிடுகிறது. (ரவூல்ட் விதியைப் படித்தவர்கள், உப்பு இரண்டு அயனிகளாகப் பிரிவதைக் கொண்டு கணக்கிட்டால் 82 என்று கிடைக்கும். சோதனையில் கிடைப்பது 75. அயனிகள் நீர் மூலக்கூறுகளைத் தம்மோடு இறுகப் பிணைத்துக்கொள்வதே வேறுபாட்டுக்கு முக்கியக் காரணம்.)

ஒரு கோடை நாளை எடுத்துக்கொள்வோம். பாத்தி நீரின் வெப்பநிலை 36 டிகிரி. தூய நீரின் ஆவி அழுத்தம் 44.6 மி.மீ. கடல்நீர் விட்ட முதல் பாத்தியில் 44.6 × 0.98 = 43.7. உப்பு படியும் கடைசிப் பாத்தியில் 44.6 × 0.75 = 33.4. காற்று 34 டிகிரி, ஈரப்பதம் 60 சதவிகிதம். எனவே நீராவியின் பகுதி அழுத்தம் 39.9 × 0.60 = 23.9 மி.மீ.

முதல் பாத்தியில் வித்தியாசம் 43.7 – 23.9 = 19.8. கடைசிப் பாத்தியில் 33.4 – 23.9 = 9.5. ஒரே வெயில், ஒரே காற்று. ஆனால் கடைசிப் பாத்தி பாதி வேகத்தில்தான் காய்கிறது. உண்மையில் ஆவியாதல் குறைந்தால் குளிர்ச்சியும் குறையும். ஆகவே கெட்டியான உப்புநீர் சற்று அதிகமாகவே சூடேறி, இழந்ததில் கொஞ்சத்தை மீட்டுக்கொள்கிறது. அதை இங்கே விட்டுவிடுவோம்.

மறுநாள் வெப்பநிலை எதுவும் மாறவில்லை. ஈரப்பதம் மட்டும் 75 சதவிகிதம் ஆகிவிட்டது. நீராவியின் பகுதி அழுத்தம் 39.9 × 0.75 = 29.9. முதல் பாத்தியில் வித்தியாசம் 13.8, நேற்றைய வேகத்தில் பத்தில் ஏழு பங்கு. கடைசிப் பாத்தியில்? 33.4 – 29.9 = 3.5! நேற்று 9.5 இருந்தது, இன்று மூன்றில் ஒரு பங்குக்கும் சற்றே மேல். வானத்தில் அதே சூரியன், வெப்பமானியில் அதே எண். ஆனால் உப்பு வாருகிறவர்களுக்கு அன்று வேலை இல்லை. வெப்பமானியை மட்டும் பார்ப்பவருக்கு இது புதிராகவே இருக்கும். கழித்துப் பார்ப்பவருக்குப் புதிர் ஏதுமில்லை.

இரவில் நடப்பது இன்னும் வேடிக்கை. உப்புநீர் 27 டிகிரிக்கு ஆறிவிட்டது: 26.7 × 0.75 = 20.0 மி.மீ. காற்றும் 27 டிகிரி, ஈரப்பதம் 85 சதவிகிதம்: 22.7 மி.மீ. வித்தியாசம் 2.7 மி.மீ. குறைவு! இப்பொழுது நீர் காற்றிலிருந்து பாத்திக்குள் இறங்குகிறது. பகலில் காய்ந்ததில் ஒரு பகுதியை இரவு திருப்பி ஊற்றிவிடுகிறது என்று சொல்லலாம். பாத்தியும் காற்றும் ஒரே வெப்பநிலையில் இருக்கும்போது 75 சதவிகிதம் என்பதே எல்லைக்கோடு. அதற்குமேல் ஈரப்பதம் போனால் உப்பு நீரை இழுக்கும். கீழே வந்தால் விடும்.

மழைக்காலத்தில் வீட்டு ஜாடியில் கல்லுப்பு கசிவதும் இதனால்தான். ஆனால் 75 சதவிகிதத்தை எட்டும் முன்பே சில உப்புகள் கசியத் தொடங்கிவிடுமே, ஏன்? கடல்நீரில் மெக்னீசியம் குளோரைடும் இருக்கிறது. அதன் எல்லைக்கோடு 33 சதவிகிதம். நம் கடற்கரையில் ஈரப்பதம் அந்த அளவுக்கு இறங்குவது அபூர்வம். ஆகவே அது எப்பொழுதும் நீரை இழுத்துக்கொண்டே இருக்கும். சமையல் உப்பு படிந்தபிறகு பாத்தியில் எஞ்சும் கசப்புநீரை அப்படியே வற்றவிடாமல் வடித்து வெளியேற்றுகிறார்களே, அதற்கு இதுவும் ஒரு காரணம்.

மேல்காற்றும் கடல்காற்றும்

விழுப்புரத்தில் மே மாதப் பிற்பகல். மேற்கிலிருந்து காய்ந்த காற்று வீசுகிறது. 38 டிகிரி, ஈரப்பதம் 40 சதவிகிதம் என்று வைத்துக்கொள்வோம். முன்பு கண்டபடி நீராவியின் பகுதி அழுத்தம் 19.9 மி.மீ. அதே நேரத்தில் மரக்காணத்தில் கடல்காற்று உள்ளே வந்துவிட்டது. 33 டிகிரி, 70 சதவிகிதம்: 37.7 × 0.70 = 26.4 மி.மீ. மரக்காணத்தில் வெப்பம் 5 டிகிரி குறைவு, நீராவியோ அதிகம்.

இரு இடங்களிலும் மொத்த அழுத்தம் 760 என்றே கொண்டால், நீராவி கூடிய அளவுக்கு மற்ற வாயுக்கள் குறையவேண்டும். விழுப்புரத்தில் ஆக்சிஜன் (760 – 19.9) × 0.2095 = 155.1 மி.மீ.; மரக்காணத்தில் 153.7 மி.மீ. இந்தச் சிறு குறைவால் யாருக்கும் மூச்சுத் திணறாது. புழுக்கமான நாளில் நமக்கு மூச்சு முட்டுவதுபோல இருப்பதற்கு ஆக்சிஜன் குறைவு காரணமன்று. காரணம் வேறு.

அந்தக் காரணம் நம் தோலில் இருக்கிறது. உப்பளத்தில் வேலை செய்பவரின் உடலும் ஒரு பாத்திதான். ஆவியாகவேண்டிய நீர் வியர்வை. வியர்வையில் உப்பு குறைவு. ஆகவே தூய நீரின் எண்ணையே எடுத்துக்கொள்ளலாம். வெயிலில் உழைப்பவரின் தோல் ஏறக்குறைய 35 டிகிரியில் இருக்கும்: 42.2 மி.மீ. மேல்காற்றில் வித்தியாசம் 42.2 – 19.9 = 22.3. கடல்காற்றில் 42.2 – 26.4 = 15.8. ஒவ்வொரு கிராம் வியர்வை ஆவியாகும்போதும் ஏறத்தாழ 580 கலோரி வெப்பத்தை உடலிலிருந்து எடுத்துச் செல்கிறது. வழிந்து மண்ணில் சொட்டும் வியர்வை எதையும் எடுத்துச் செல்வதில்லை. அது உடலுக்கு வெறும் நட்டம்.

காற்றின் நீராவி அழுத்தம் 42.2 மி.மீட்டரை எட்டிவிட்டால்? வித்தியாசம் பூச்சியம். காற்றும் 35 டிகிரியில் இருந்தால் உடல் வெப்பத்தை வெளியேற்ற வழியே இல்லை. ஈரக் குமிழ் வெப்பநிலை 35 டிகிரி என்பதை மனித உடலின் எல்லையாக 2010இல் ஆராய்ச்சியாளர்கள் குறிப்பிட்டது இந்தக் கணக்கைக் கொண்டுதான். அமெரிக்காவின் பென்சில்வேனியா மாநிலப் பல்கலைக்கழகத்தில் செய்து 2022இல் வெளியிட்ட சோதனைகளோ, நல்ல உடல்நலமுள்ள இளைஞர்களால்கூட ஏறத்தாழ 31 டிகிரிவரைதான் தாக்குப்பிடிக்க முடிகிறது என்று காட்டின. கடற்கரை உப்பளங்களில் நிழல் ஏது? தமிழக உப்பளத் தொழிலாளர்களின் உடலை, குறிப்பாகச் சிறுநீரகத்தை, வெப்பம் எவ்வாறு பாதிக்கிறது என்று சென்னை ஸ்ரீ இராமச்சந்திரா நிறுவனத்தைச் சேர்ந்தவர்கள் ஆராய்ந்திருக்கிறார்கள். உப்பு வாரும் வேலையை விடியுமுன்பே தொடங்கிவிடும் வழக்கம் சும்மா ஏற்பட்டதன்று.

ஆக, ஒரே கழித்தல் கணக்கு உப்பையும் தீர்மானிக்கிறது, அதை வாருகிறவரின் உடல்நலத்தையும் தீர்மானிக்கிறது. காய்ந்த காற்று இருவருக்கும் நல்லது என்று அவசரப்பட்டு எழுதிவிடாதீர்கள். மேல்காற்று 38 டிகிரியில் வீசும்போது வியர்வை நன்றாக ஆவியாகும். ஆனால் தோலைவிடச் சூடான காற்று உடலுக்கு வெப்பத்தை ஊட்டவும் செய்யும். உடலிலிருந்து நீரும் விரைவில் வற்றும். உப்புக்கு ஒரு கணக்கு போதும். மனிதருக்கு இரண்டு கணக்கு வேண்டும்.

மழையைப் பற்றியும் ஒரு வார்த்தை. ஒரு செ.மீ. மழை பெய்தால் ஒவ்வொரு சதுர மீட்டர் பாத்தியிலும் 10 லிட்டர் நீர் சேர்ந்துவிடும். நல்ல கோடையில் திறந்த நீர்ப்பரப்பிலிருந்து நாளொன்றுக்கு 6 முதல் 8 மி.மீ. ஆவியாகலாம், உப்பு கெட்டியான பாத்தியில் அதுவும் இல்லை என்று மேலே கண்டோம். 2024 நவம்பர் 30 இரவு ஃபெஞ்சல் புயல் புதுச்சேரிக்கு அருகே கரையைக் கடந்தபோது, திண்டிவனத்தை அடுத்த மயிலத்தில் ஏறத்தாழ 50 செ.மீ. மழை கொட்டியது, மரக்காணத்து உப்பளங்கள் மூழ்கின. வடகிழக்குப் பருவமழைக் காலத்தில் உப்பளங்கள் ஓய்ந்திருப்பதற்கு மழை மட்டும் காரணமன்று. மழை இல்லாத நாளிலும் கழித்தலின் விடை மிகச் சிறியதாகவே இருக்கும்.

நீங்களே அளக்கலாம்

நீராவியின் பகுதி அழுத்தத்தை அளக்க இரண்டு வெப்பமானிகள் போதும். ஒன்றின் குமிழில் ஈரத் துணியைச் சுற்றுங்கள். இரண்டையும் நிழலில் தொங்கவிட்டு, விசிறியால் நன்றாக விசிறுங்கள். ஈரக் குமிழின் எண் இறங்கி ஓரிடத்தில் நிற்கும். அப்பொழுது,

நீராவியின் பகுதி அழுத்தம் = (ஈரக் குமிழ் வெப்பநிலையில் தெவிட்டிய ஆவி அழுத்தம்) – 0.5 × (உலர் குமிழ் – ஈரக் குமிழ்)

என்று மி.மீ. அளவில் கிடைக்கும். கடல் மட்டத்தை ஒட்டிய ஊர்களுக்கு இந்த 0.5 பொருந்தும், ஊட்டிக்குப் போனால் பொருந்தாது. உலர் குமிழ் 38, ஈரக் குமிழ் 27 என்றால், 26.7 – 0.5 × 11 = 21.2 மி.மீ. ஒப்பு ஈரப்பதம் 21.2 ÷ 49.7, அதாவது ஏறத்தாழ 43 சதவிகிதம். விழுப்புரத்திலோ திண்டிவனத்திலோ ஒருவரும், கடற்கரை ஊரில் அவருடைய நண்பர் ஒருவரும் ஒரே நேரத்தில் அளந்து ஒப்பிட்டால் இன்னும் நன்று. பிற்பகலில் கடல்காற்று உள்ளே நுழையும் நேரத்தை வெப்பமானியைவிட இந்த எண் தெளிவாகக் காட்டும்.

கடைசியாக ஒரு கணக்கு. மரக்காணத்தில் ஒரு மாலை நேரம். உலர் குமிழ் 30 டிகிரி, ஈரக் குமிழ் 27 டிகிரி. கடைசிப் பாத்தியில் உப்பு படிந்துகொண்டிருந்த கரைசலும் 30 டிகிரிக்கு ஆறிவிட்டது. இப்பொழுது பாத்தி காய்கிறதா, நீரை இழுக்கிறதா? அது மறுபடியும் காயத் தொடங்க, காற்று அப்படியே இருக்க, கரைசல் எத்தனை டிகிரிக்காவது சூடேற வேண்டும்? மேலே உள்ள அட்டவணையை வைத்தே செய்யலாம். இரண்டாம் கேள்விக்கு 31 டிகிரி என்று வந்தால் உங்கள் வழி சரி.